முதலில் வழக்குப் போட்டது நான், நிலம் இருப்பது வேறு ஊரில்: மூன்று வழக்குகளையும் எந்த நீதிமன்றம் விசாரிக்கும்?

ஏரிக்கரை எழுதியது:

என் கையில் இப்போது மூன்று வழக்கு எண்கள் இருக்கின்றன. ஒன்று நான் போட்டது, மற்ற இரண்டும் என்மேல் போடப்பட்டவை. மூன்றும் ஒரே நிலத்தைப் பற்றியவை; அளவு ஒரு ஏக்கர் 12 சென்ட்.

நிலம் திண்டிவனம் பக்கத்தில் ஒரு கிராமத்தில் இருக்கிறது. 2023 மார்ச்சில் 38 லட்சம் ரூபாய்க்குக் கிரய ஒப்பந்தம் போட்டு, 8 லட்சம் முன்பணம் கொடுத்தேன். கெடு 11 மாதம். ஒப்பந்தம் அந்தப் பகுதிச் சார்பதிவாளர் அலுவலகத்தில் முறையாகப் பதிவாகியிருக்கிறது. கெடு முடிவதற்கு முன்பே, மீதிப் பணத்தோடு தயாராக இருக்கிறேன் என்று வக்கீல் நோட்டீஸ் அனுப்பினேன். பதில் வரவில்லை.

நான் வசிப்பது சென்னையில். பேசி முடித்ததும் காசோலை கொடுத்ததும் சென்னையில்தான். ஒப்பந்தத்தின் கடைசிப் பக்கத்தில், இது தொடர்பான தாவா எதுவானாலும் சென்னை நீதிமன்றங்களுக்கு மட்டுமே உட்பட்டது என்று ஒரு வரி இருக்கிறது. அதை நம்பி 2024 ஜூன் 12 அன்று சென்னை நகர உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டேன். கிரயம் எழுதித் தர வேண்டும், சுவாதீனம் (நிலத்தின் கைவசம்) ஒப்படைக்க வேண்டும், இல்லையென்றால் முன்பணத்தை வட்டியோடு திருப்ப வேண்டும் என்பவை என் கோரிக்கைகள்.

ஜூன் 19 அன்று உரிமையாளர் அதே நிலத்தை வேறொருவருக்குக் கிரயம் செய்துவிட்டார். ஜூன் 27 அன்று, எங்கள் ஒப்பந்தம் காலாவதியாகிவிட்டதாக அறிவிக்கக் கோரி நிலம் இருக்கும் பகுதி நீதிமன்றத்தில் அவர் ஒரு வழக்குப் போட்டார். ஜூலையில், புதிதாக வாங்கியவரும் அதே ஊரில் என்மேல் உறுத்துக்கட்டளை (தடை உத்தரவு) கேட்டிருக்கிறார்.

முதலில் போட்டது நான். அப்படியானால் மற்ற இரண்டும் நின்றுபோக வேண்டாமா? என் வக்கீல் 10ஆம் பிரிவின் கீழ் மனுப் போடலாம் என்கிறார்.

பனங்காடு எழுதியது:

உங்கள் வக்கீல் சொல்வது சரி. உரிமையியல் நடைமுறைச் சட்டம் 10ஆம் பிரிவின்படி, ஒரே விஷயத்தைப் பற்றி இரண்டு வழக்குகள் இருந்தால் பிந்தையதன் விசாரணை நிறுத்தப்பட வேண்டும். தேதி உங்கள் பக்கம் இருக்கிறது. ஒப்பந்த வரியும் உங்கள் பக்கம்தான். எதற்குத் திண்டிவனத்துக்கு அலைய வேண்டும்? அவர்களைச் சென்னைக்கு வரவையுங்கள்.

வாய்தா எழுதியது:

எனக்கு ஒரு சந்தேகம். 2024 ஜூலை 1 முதல் பழைய சட்டமெல்லாம் போய்ப் புதுச் சட்டம் வந்துவிட்டதே. 10ஆம் பிரிவு இன்னும் உயிரோடு இருக்கிறதா?

பனங்காடு எழுதியது:

அன்று மாறியவை குற்றவியல் சட்டங்கள். 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம் அப்படியேதான் இருக்கிறது.

பழைய குமாஸ்தா எழுதியது:

அம்மா, நான் வக்கீல் இல்லை. முப்பத்தொரு வருடம் ஒரு வக்கீல் அலுவலகத்தில் கட்டுத் தூக்கியவன். சட்டம் படிக்காவிட்டாலும், எந்தப் பிராது (வழக்கு மனு) எந்த மேசையிலிருந்து திரும்பி வரும் என்பது எனக்குத் தெரியும். உங்களுடையது திரும்பி வரும் என்று தோன்றுகிறது.

பனங்காடு தம்பி தேதியில் தொடங்குகிறார். நான் இடத்தில் தொடங்குகிறேன். அதே சட்டத்தின் 16ஆம் பிரிவு, அசையாச் சொத்தைப் பற்றிய வழக்கு அந்தச் சொத்து இருக்கும் எல்லைக்குள்தான் தாக்கலாக வேண்டும் என்கிறது. சுவாதீனம் மீட்பது, பாகப் பிரிவினை, அடமானம், சொத்தின் மேலுள்ள வேறு எந்த உரிமையானாலும் அப்படித்தான். உங்கள் பிராதில் சுவாதீனம் ஒப்படைக்க வேண்டும் என்று ஒரு வரி இருக்கிறதே, அந்த ஒரு வரிதான் வழக்கைத் திண்டிவனத்துக்கு இழுக்கிறது.

இதே கதை உச்ச நீதிமன்றம் வரை போய் வந்தது. 2005ஆம் ஆண்டு, ஹர்ஷத் சிமன் லால் மோடி எதிர் டி.எல்.எஃப். யுனிவர்சல். மனை குர்கானில், வழக்கு டெல்லியில். ஒப்பந்தத்தில் டெல்லி நீதிமன்றம் என்று எழுதியிருந்தது. பிரதிவாதி முதலில் டெல்லியின் அதிகாரத்தை ஒப்புக்கொண்டு, பல வருடம் கழித்துத்தான் ஆட்சேபித்தார். அப்படியிருந்தும், டெல்லிக்கு அதிகாரம் இல்லை, பிராதைத் திருப்பிக் கொடுத்தது சரி என்றே தீர்ப்பு வந்தது. இரண்டு பேர் சேர்ந்து கையெழுத்துப் போட்டுவிட்டால், இல்லாத அதிகாரம் ஒரு நீதிமன்றத்துக்கு வந்துவிடாது.

அந்தக் கடைசிப் பக்க வரியை எழுதியவரைக் குறை சொல்லவில்லை. பழைய மாதிரிப் படிவத்தைப் பார்த்து எழுதியிருப்பார். எங்கள் அலுவலகத்திலேயே ஒரு காலத்தில் அந்த வரி எல்லாப் பத்திரத்திலும் போகும், வாகன விற்பனை முதல் தென்னந்தோப்பு வரை.

வாய்தா எழுதியது:

அந்த வரிக்கு மதிப்பே கிடையாதா? சேலத்து வியாபாரி ஒருவர் குஜராத் கம்பெனியிடம் ஜரிகை நூல் வாங்கிய வழக்கில் இதைப் பற்றி நிறையப் பேசியிருக்கிறார்களே?

பழைய குமாஸ்தா எழுதியது:

ஏ.பி.சி. லாமினார்ட் வழக்கு, 1989. அங்கே சேலத்துக்கும் அதிகாரம் உண்டு, குஜராத்தின் கேடாவுக்கும் உண்டு. அதிகாரம் உள்ள இரண்டில் ஒன்றைத் தேர்ந்துகொள்ளக் கட்சிக்காரர்களுக்கு உரிமை இருக்கிறது. ஆனால் மற்றதை விலக்குவதாக எழுத்தில் தெளிவாக இருக்க வேண்டும் என்றார்கள். அது தெளிவாக இல்லாததால் சேலத்திலேயே நடத்தலாம் என்று முடிந்தது. இரண்டு கதவும் திறந்திருக்கும் வீட்டில் எந்தக் கதவால் நுழைவது என்பது பற்றிய தீர்ப்பு அது. இந்த அம்மாவுக்குச் சென்னைப் பக்கத்தில் கதவே இல்லை, சுவர்தான்.

பனங்காடு எழுதியது:

ஒப்புக்கொள்ள மாட்டேன். 16ஆம் பிரிவுக்கே ஒரு விதிவிலக்கு உண்டு. பிரதிவாதி தானே கீழ்ப்படிந்தால் பரிகாரம் முழுவதும் கிடைத்துவிடும் என்றால், நிலம் இருக்கும் இடத்துக்குப் போக வேண்டியதில்லை. கிரயம் எழுதித் தருவது ஒருவர் பேனாவை எடுத்துக் கையெழுத்துப் போடும் காரியம்தானே? 2001இல் அட்கான் எலெக்ட்ரானிக்ஸ் வழக்கில், சுவாதீனம் கேட்காமல் ஒப்பந்தத்தை மட்டும் நிறைவேற்றக் கேட்பது ‘நிலத்துக்கான வழக்கு’ ஆகாது என்று உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. சுவாதீன வரியை அடித்துவிட்டு வழக்கைச் சென்னையிலேயே வைத்துக்கொள்ளலாம்.

நெய்தல் எழுதியது:

இத்தனை நாள் படித்துக்கொண்டு மட்டும் இருந்தேன். பதினாறு வருடமாக உரிமையியல் வழக்கு நடத்துகிறவள் என்ற முறையில், இந்த யோசனையைப் பார்த்த பிறகு சும்மா இருக்க முடியவில்லை.

அட்கான், பம்பாய் உயர் நீதிமன்றத்தின் அசல் அதிகாரம் பற்றிய தீர்ப்பு. பம்பாய், கல்கத்தா, சென்னை உயர் நீதிமன்றங்கள் நேரடியாக எடுத்துக்கொள்ளும் வழக்குகளுக்கு லெட்டர்ஸ் பேட்டன்ட் எனப்படும், அவற்றை அமைத்த அரச சாசனத்தின் 12ஆம் பிரிவுதான் அளவுகோல். 16ஆம் பிரிவு அவற்றைக் கட்டுப்படுத்தாது என்று அதே நடைமுறைச் சட்டத்தின் 120ஆம் பிரிவே சொல்கிறது. ஏரிக்கரை போயிருப்பது நகர உரிமையியல் நீதிமன்றத்துக்கு. இரண்டும் ஒரே வளாகத்தில் இருப்பதால் இரண்டுக்கும் ஒரே சட்டம் என்று ஆகிவிடாது. நகர உரிமையியல் நீதிமன்றத்துக்கு 16ஆம் பிரிவு முழுதாகப் பொருந்தும்.

விதிவிலக்கை முழுவதும் படித்தீர்களா? அது வழக்கைப் பிரதிவாதி வசிக்கும் இடத்துக்கு அல்லது தொழில் செய்யும் இடத்துக்குக் கொண்டுபோக அனுமதிக்கிறது. வாதி வசிக்கும் இடத்துக்கு அல்ல. ஏரிக்கரை, உங்கள் நில உரிமையாளர் எங்கே வசிக்கிறார்?

ஏரிக்கரை எழுதியது:

அதே கிராமத்தில். நிலத்துக்கு எதிர் வீடு.

நெய்தல் எழுதியது:

அப்படியானால் விதிவிலக்கில் நுழைந்தாலும் வந்து சேருவது திண்டிவனம்தான்.

சுவாதீன வரியை அடிப்பதும் ஆபத்து. குறித்தவகைத் தீர்வழிச் சட்டம் 22ஆம் பிரிவின்படி, பிராதில் கேட்காத சுவாதீனத்தை நீதிமன்றம் கொடுக்காது. பிறகு திருத்தி எழுத அனுமதி கிடைக்கலாம், ஆனால் திருத்திய அன்றைக்கே அதிகார வரம்புக் கேள்வி மறுபடி எழும். நீங்கள் கேட்பது நிலத்தை. அதைக் கேட்காததுபோல் எழுதிக் கொடுத்து வழக்கு நடத்த முடியாது.

முன்பணத்தை மட்டும் திரும்பக் கேட்கிற வழக்கு என்றால் கதையே வேறு. அது பண வழக்கு. 20ஆம் பிரிவின்படி வழக்குக் காரணம் எழுந்த இடத்தில், அதாவது நீங்கள் காசோலை கொடுத்த சென்னையில், தாராளமாகப் போடலாம். கடைசிப் பக்க வரிக்கும் அங்கே உயிர் இருக்கிறது. அந்தப் பணத்துக்காக நிலத்தின்மேல் பொறுப்பு (நிலத்தையே பணத்துக்கு ஈடாகக் கொள்ளும் உரிமை) கேட்டால் மறுபடி 16ஆம் பிரிவு வந்துவிடும். ஒரே ஒப்பந்தம்தான், ஆனால் என்ன கேட்கிறீர்கள் என்பதைப் பொறுத்து நீதிமன்றம் மாறுகிறது.

பழைய குமாஸ்தா எழுதியது:

நெய்தல் அம்மா சொன்னதோடு ஒன்று. பிராதின் கடைசிப் பத்தியை, ‘ஆகையால் வாதி வேண்டுவது’ என்று தொடங்குகிற அந்தப் பத்தியை, எங்கள் வக்கீல் எப்போதும் முதலில் எழுதுவார். அதை எழுதிய பிறகுதான் மேலே நீதிமன்றத்தின் பெயரை எழுதச் சொல்வார். அதுவரை முதல் பக்கத்தின் தலைப்பு வெறுமையாகவே கிடக்கும்.

ஏரிக்கரை எழுதியது:

சரி, தவறான இடத்தில் போட்டுவிட்டேன் என்றே வைத்துக்கொள்வோம். திருப்பிக் கொடுத்தால் திண்டிவனத்தில் போட்டுக்கொள்கிறேன். ஜூன் 12 என்ற தேதி எனக்கு இருக்கும் அல்லவா? கிரயம் நடந்தது ஜூன் 19. வழக்கு நிலுவையில் இருக்கும்போது வாங்கியவர் தீர்ப்புக்குக் கட்டுப்பட வேண்டும் என்று படித்தேன்.

நெய்தல் எழுதியது:

இந்தக் கேள்வி வரக் கூடாதே என்று நினைத்தேன்.

சொத்து மாற்றுச் சட்டம் 52ஆம் பிரிவைத்தான் சொல்கிறீர்கள். அதன் விளக்கத்தை எடுத்துப் பாருங்கள். வழக்கு நிலுவை என்பது, தகுந்த அதிகாரம் உள்ள நீதிமன்றத்தில் பிராது தாக்கலான தேதியிலிருந்து தொடங்குகிறது. அதிகாரம் இல்லாத இடத்தில் ஜூன் 12 அன்று கொடுத்தது அந்தக் கணக்கில் சேராது என்று எதிர்த் தரப்பு வாதிடும். அந்த வாதத்துக்குப் பலம் இருக்கிறது. திருப்பிக் கொடுத்த பிராதைச் சரியான நீதிமன்றத்தில் தாக்கல் செய்தால் அது புது வழக்கு, விசாரணை ஆரம்பத்திலிருந்து தொடங்கும் என்று 2020இல் மூன்று நீதிபதிகள் கொண்ட உச்ச நீதிமன்ற அமர்வு, இ.எக்ஸ்.எல். கேரியர்ஸ் வழக்கில் உறுதிப்படுத்தியிருக்கிறது.

ஆகவே 10ஆம் பிரிவுக்கும் நீங்கள் முந்தியவர் ஆக மாட்டீர்கள். கிரயத்துக்கு முந்திய அந்த ஏழு நாள் முன்னிலையும் போய்விட்டது.

ஆனால் நிலம் போய்விடவில்லை. உங்கள் ஒப்பந்தம் பதிவானது. வில்லங்கச் சான்று எடுத்திருக்கிறீர்களா?

ஏரிக்கரை எழுதியது:

இருக்கிறது. 2023 மார்ச் பதிவில் கிரய ஒப்பந்தம், என் பெயர், 38 லட்சம், முன்பணம் 8 லட்சம் எல்லாம் வருகிறது. அதற்கு அடுத்த பதிவு ஜூன் 19 கிரயம்.

நெய்தல் எழுதியது:

அந்த ஒரு தாளைப் பத்திரமாக வைத்துக்கொள்ளுங்கள். குறித்தவகைத் தீர்வழிச் சட்டம் 19ஆம் பிரிவின்படி, பின்னால் வாங்கியவர் மேலும் உங்கள் ஒப்பந்தத்தை நிறைவேற்றக் கேட்கலாம். முழுப் பணம் கொடுத்து, நல்லெண்ணத்தோடு, முந்தைய ஒப்பந்தம் தெரியாமல் வாங்கியவர் மட்டும்தான் தப்ப முடியும். பதிவாக வேண்டிய ஆவணம் பதிவாகியிருந்தால், பின்னால் வாங்குகிறவருக்கு அது தெரியும் என்றே சட்டம் கருதும். தமிழ்நாட்டில் கிரய ஒப்பந்தத்தைப் பதிவு செய்வது 2012 டிசம்பர் முதல் கட்டாயம். வில்லங்கச் சான்றில் உங்கள் பதிவுக்கு நேர் கீழே தன் பதிவு இருக்கும்போது, தெரியாது என்று அவர் எப்படிச் சொல்வார்?

அவரையும் பிரதிவாதியாகச் சேர்க்க வேண்டும். இருவரும் சேர்ந்து கிரயம் எழுதித் தரும்படிதான் தீர்ப்பு அமையும்.

காலக்கெடு பற்றிப் பயம் வேண்டாம். ஒப்பந்தக் கெடு 2024 பிப்ரவரியில் முடிந்தது. அதிலிருந்து மூன்று வருடம், 2027 பிப்ரவரி வரை இருக்கிறது. நீதிமன்றக் கட்டணம் கிரயத் தொகையில் 3 சதவீதம், உங்களுக்கு 1,14,000 ரூபாய். ஏற்கெனவே கட்டியதை ஈடு செய்யச் சொல்லிக் கேட்கலாம்.

பனங்காடு எழுதியது:

52ஆம் பிரிவின் விளக்கத்தில் ‘தகுந்த அதிகாரம் உள்ள’ என்ற சொற்கள் இருப்பதை நான் கவனிக்கவில்லை. இப்போதுதான் எடுத்துப் பார்த்தேன். ஆனாலும் ஒரு கேள்வி. பிராது திரும்பி வருகிற வரை காத்திருந்தால் என்ன? எதிர்த் தரப்பு ஆட்சேபிக்காமலே போகலாம் அல்லவா?

நெய்தல் எழுதியது:

டெல்லி வழக்கை நினைத்துக்கொள்ளுங்கள். பல வருடம் கழித்து வந்த ஆட்சேபம் அது. சாட்சி விசாரணை முடிந்து, வாதம் முடிந்து, அப்போது பிராது திரும்பி வந்தால் அத்தனையும் வீண். நல்லெண்ணத்தோடு தவறான நீதிமன்றத்தில் கழிந்த காலத்தைக் காலவரையறைச் சட்டம் 14ஆம் பிரிவு கழித்துக் கொடுக்கும். எடுத்துச் சொன்ன பிறகும் அங்கேயே உட்கார்ந்திருந்தால் நல்லெண்ணம் என்பதை நிரூபிப்பது கடினம்.

பழைய குமாஸ்தா எழுதியது:

எல்லாவற்றுக்கும் முன்னால் ஒன்று கேட்கிறேன். அந்த இரண்டு வழக்கிலும் வக்காலத்துப் போட்டுவிட்டீர்களா?

ஏரிக்கரை எழுதியது:

இல்லை ஐயா. சம்மன் வந்திருக்கிறது. சென்னை வழக்கு முந்தையது என்பதால் அங்கே போக வேண்டியதில்லை என்று நினைத்தேன்.

பழைய குமாஸ்தா எழுதியது:

நாளைக்கே பஸ் ஏறுங்கள் அம்மா. போகாவிட்டால் ஒருதலைப்பட்சத் தீர்ப்பு வந்துவிடும். விற்று முடித்தவர் எதற்காக ஜூன் 27 அன்று வழக்குப் போட்டார் என்று நினைக்கிறீர்கள்? ஒப்பந்தம் செல்லாது என்று ஒரு தீர்ப்பைக் கையில் வாங்கிவிட்டால், அதை அப்புறம் உங்கள் வழக்கில் கொண்டுவந்து நீட்டலாம். 10ஆம் பிரிவு விசாரணையை மட்டும்தான் நிறுத்தும், வழக்குப் போடுவதையோ இடைக்கால உத்தரவையோ நிறுத்தாது. அதுவும் நீங்கள் மனுப் போட்டு நீதிபதி உத்தரவிட்டால்தான். வீட்டில் இருந்தபடி நினைத்துக்கொண்டால் நிற்காது.

பிறகு மூன்றையும் ஒரே நீதிபதி முன் கொண்டுவரப் பாருங்கள். திண்டிவனத்திலேயே தொகையை வைத்து வேறு வேறு நீதிமன்றத்தில் இருக்கலாம். 24ஆம் பிரிவின் கீழ் விழுப்புரம் மாவட்ட நீதிமன்றத்தில் மனுக் கொடுத்தால் ஒன்றாகச் சேர்க்கலாம். தனித்தனியே நடந்தால் ஒரு நீதிபதி ஒப்பந்தம் உண்டு என்பார், இன்னொருவர் இல்லை என்பார். அதைவிட மோசம், இரண்டு தீர்ப்பு வந்து ஒன்றின்மேல் மட்டும் மேல்முறையீடு போட்டவர்களைப் பார்த்திருக்கிறேன். அப்படியே விட்ட மற்றொன்று முன்தீர்ப்புத் தடையாக (தீர்ந்துபோன விஷயத்தை மறுபடி கிளப்பக் கூடாது என்ற தடையாக) வந்து, போட்ட மேல்முறையீட்டையும் முடித்துவிடும்.

வாய்தா எழுதியது:

எங்கள் குடும்ப நிலம் பாதி புதுச்சேரிப் பகுதியிலும் பாதி தமிழ்நாட்டிலும் இருக்கிறது. வரப்புக்கு இந்தப் பக்கம் ஒரு சார்பதிவாளர், அந்தப் பக்கம் இன்னொருவர். இதுபோல் இரண்டு பக்கமும் வழக்கு வந்தால் உச்ச நீதிமன்றம் போக வேண்டுமா?

நெய்தல் எழுதியது:

வேண்டாம். ஒரே சொத்து இரண்டு நீதிமன்ற எல்லையில் இருந்தால், 17ஆம் பிரிவின்படி எதில் வேண்டுமானாலும் போடலாம். இரண்டிலும் வழக்கு வந்துவிட்டால் ஒன்றாக்கச் சென்னை உயர் நீதிமன்றத்துக்கே அதிகாரம் உண்டு, புதுச்சேரியும் அதன் கீழ்தான் வருகிறது. நிலத்தின் மறுபாதி ஆந்திரத்தில் இருந்தால்தான் 25ஆம் பிரிவின் கீழ் டெல்லிப் பயணம்.

ஏரிக்கரை எழுதியது (ஐந்து மாதம் கழித்து):

கேட்டவர்களுக்காக எழுதுகிறேன். மறுநாளே போய் இரண்டு வழக்கிலும் வக்காலத்துப் போட்டாகிவிட்டது. ஒன்றில் ஒருதலைப்பட்சத் தீர்ப்புக்கு நாள் குறித்திருந்தார்கள், நான்கு நாள்தான் மிச்சம் இருந்தது.

சென்னையில் நாங்களே பிராதைத் திருப்பிக் கேட்டோம். என் வக்கீல் முதலில் சங்கடப்பட்டார். நெய்தல் அம்மா சொன்ன தீர்ப்பின் பெயரைக் கொடுத்தேன், படித்துவிட்டு அவரே மனு எழுதினார். எந்த நீதிமன்றத்தில் தாக்கல் செய்யப்போகிறோம் என்று முன்கூட்டியே சொல்லிவிட்டால், இரு தரப்பும் அங்கே ஆஜராக வேண்டிய தேதியை இங்கேயே குறித்துவிடுகிறார்கள். புதிதாகச் சம்மன் அனுப்பிக் காத்திருக்க வேண்டியதில்லை.

திண்டிவனத்தில் புது எண் கிடைத்தது, வாங்கியவர் இரண்டாம் பிரதிவாதி. விழுப்புரத்தில் போட்ட மாற்றல் மனுவை எதிர்த் தரப்பு எதிர்த்தது, ஆனால் உத்தரவாகிவிட்டது. மூன்றும் இப்போது ஒரே நீதிமன்றத்தில் கூட்டு விசாரணைக்கு இருக்கின்றன. சாட்சியம் என் வழக்கில் பதிவாகும்.

திருப்பிக் கொடுத்த பிராதின் பின்பக்கத்தில் தாக்கலான தேதி, திருப்பிய தேதி, தாக்கல் செய்தவர் பெயர், அதிகார வரம்பு இல்லை என்ற காரணம், எல்லாவற்றையும் எழுதி நீதிபதி கையெழுத்திட்டிருந்தார். திண்டிவனத்தில் தாக்கல் எழுத்தர் அந்தப் பக்கத்தைத்தான் முதலில் திருப்பிப் பார்த்தார். ஜூன் 12க்கு மேலே விரலை வைத்துக்கொண்டு, இன்றைய தேதி முத்திரையைப் பக்கத்தில் குத்தினார்.

பழைய குமாஸ்தா எழுதியது:

மூல ஒப்பந்தத்தை நீதிமன்றத்தில் கொடுப்பதற்கு முன் சான்று நகல் எடுத்தீர்களா?

ஏரிக்கரை எழுதியது:

இரண்டு எடுத்து வைத்திருக்கிறேன் ஐயா.